ஒரு ஜோடி அடுப்பு

என் பெயர் சந்திரம்மா. வயது ஐம்பத்தொன்று இருக்கும், ரேஷன் கார்டில் நாற்பத்தெட்டு என்று போட்டிருக்கிறது. காலஞ்சென்ற கோவிந்தனின் மனைவி. பெங்களூர் மர்பி டவுனில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் உள்ள சந்தில் வாடகைக்குக் குடியிருக்கிறேன். பிறந்து வளர்ந்ததும் அங்கேதான். பெண்கள் ஹாஸ்டல் ஒன்றில் பாத்திரம் கழுவும் வேலை செய்கிறேன். தமிழில் மூன்றாம் வகுப்பு வரை படித்தேன். கன்னடம் பேசுவேன், எழுதப் படிக்க வராது.

என் மேல் கொடுத்திருக்கும் புகாரை எனக்குப் படித்துக் காட்டினார்கள். ஈஜிபுராவில் இருக்கும் கெஜலட்சுமி என்பவர் வீட்டில் இல்லாத நேரம் பார்த்து நான் உள்ளே நுழைந்து, அவருடைய மருமகள் வைஷ்ணவியின் காதில் இருந்த ஏழுகல் தங்கக் கம்மல் ஒரு ஜோடியைக் காதில் ரத்தம் வரும்படி பிய்த்துக்கொண்டு ஓடிவிட்டேன் என்று அதில் இருக்கிறது. நான் அந்த வீட்டுக்குப் போனது உண்மை. கம்மலை எடுத்து வந்ததும் உண்மை. பிய்க்கவில்லை. ஓடவும் இல்லை, ஆட்டோவில் வந்தேன்.

இந்த முறை தமிழில் சொல்கிறேன் என்று நான்தான் கேட்டுக்கொண்டேன். ஒரு முறை கன்னடத்தில் சொல்லி எல்லாம் கெட்டுப்போனது. அது எப்படி என்று கீழே வருகிறது. ஏட்டு சிவசங்கரன் கோலார் தங்கவயல்காரர், அவருக்குத் தமிழ் எழுத வரும் என்பதால் நான் சொல்லச் சொல்ல அவர் எழுதுகிறார்.

என் ஒரே மகள் ரூபினி. அவளுக்கும் கெஜலட்சுமியின் மகன் முகேஷுக்கும் 1998ஆம் வருடம் வைகாசி மாதம் அல்சூரில் கல்யாணம் செய்து வைத்தேன். முகேஷுக்கு லிஃப்ட் ரிப்பேர் வேலை. ரூபினி தையல் கம்பெனியில் காலர் வைக்கும் வேலையில் இருந்தாள். அவளுக்கு நான் போட்ட நகை சங்கிலி ஒன்று, வளையல் இரண்டு, கம்மல் ஒரு ஜோடி. சங்கிலியும் வளையலும் சீட்டுக் கட்டி வாங்கியது. கம்மல் அப்படி இல்லை. என் வீட்டுக்காரர் கல்யாணத்துக்கு முன்பே இறந்துவிட்டார். அவர் விரலில் இருந்த மோதிரத்தை அழித்து, சிவாஜிநகரில் ஒரு ஆசாரியிடம் கொடுத்து அந்தக் கம்மலைச் செய்தேன். நடுவில் சிவப்புக் கல் ஒன்று, சுற்றி ஆறு.

கம்மலை வாங்கப் போன அன்று கடையிலேயே ரூபினிக்குப் போட்டுப் பார்த்தோம். இடது காதில் சரியாக ஏறியது. வலது காதில் திருகு பிடிக்கவில்லை. ஆசாரி வாங்கி வெளிச்சத்தில் பார்த்துவிட்டு, மரை எதிர்ப்பக்கமாக விழுந்துவிட்டது, கை தவறிவிட்டது என்றார். அதாவது எல்லாத் திருகும் எந்தப் பக்கம் சுற்றினால் இறுகுமோ, அந்தப் பக்கம் சுற்றினால் இது கழன்று வரும். மாற்றித் தருகிறேன், ஒரு வாரம் கழித்து வாருங்கள் என்றார். ரூபினி சம்மதிக்கவில்லை. “இருக்கட்டும் விடும்மா. திருடன் வந்தாகூட எந்தப் பக்கம் திருகறதுன்னு தெரியாம முழிச்சிக்கினு நிப்பான்” என்று சொன்னாள். ஆசாரியும் சிரித்தார். அதன் பிறகு கூலியில் கொஞ்சம் குறைத்துக்கொண்டார், நாங்கள் வாங்கி வந்துவிட்டோம். கல்யாணத்தன்று காலையில் அதை அவளுக்கு நான்தான் போட்டுவிட்டேன். அந்தத் திருகு சங்கதி, ஆசாரியை விட்டால், எனக்கும் அவளுக்கும் மட்டும்தான் தெரியும்.

கல்யாணத்துக்குப் பிறகு ஒன்றரை வருடம் அந்த வீட்டில் இருந்தாள். முகேஷ் அடித்தான் என்று நான் சொல்லமாட்டேன், அடிக்கவில்லை. பேசுவதை நிறுத்திவிட்டான். அவன் பேசாததால் மாமியாரும் பேசவில்லை. சோறு போட்டால் சாப்பிடுவார்கள், தட்டைக் கழுவி வைப்பார்கள், ஒரு வார்த்தை வராது. என்ன குற்றம் என்று கேட்டால் அதற்கும் பதில் வராது. ரூபினி வீட்டுக்கு வந்தபோது, “ரேடியோல நேயர்களேன்னு கூப்பிடறான் பாரும்மா, அவனுக்குத்தான் நான் பதில் சொல்லிக்கினு இருக்கறேன்” என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நானும் அதைச் சிரிப்பாகத்தான் எடுத்துக்கொண்டேன்.

அதன் பிறகு 2000ஆம் வருடம் பொங்கலுக்கு அவளை அனுப்பி வைத்தார்கள். புறப்படும்போது கெஜலட்சுமி பல நாளைக்குப் பிறகு வாயைத் திறந்து, “பஸ்ல அறுத்துடுவாங்க, நகையெல்லாம் பீரோல வெச்சிட்டுப் போ” என்று சொன்னதாக ரூபினி சொன்னாள். பேசினார்களே என்ற சந்தோஷத்தில் எல்லாவற்றையும் கழற்றி வைத்துவிட்டு வந்தாள். காதில் ஓட்டை தூர்ந்துவிடக் கூடாது என்று எங்கள் சந்தில் இருக்கும் வேப்பமரத்தில் ஈர்க்கு ஒடித்து நான் செருகிவிட்டேன். இரண்டு நாளைக்குத்தானே என்றாள். அவளைக் கூட்டிக்கொண்டு போக யாரும் வரவில்லை. நானே கொண்டுபோய் விட்டேன், கதவைத் திறக்கவில்லை. மறுபடி போனேன், பூட்டியிருந்தது. அதன் பிறகு முகேஷ் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினான்.

நகையைக் கேட்டுப் புகார் கொடுக்கும்படி எங்கள் வக்கீல் அம்மா சொன்னார். நானும் ரூபினியும் ஒரு ஸ்டேஷனுக்குப் போனோம். அது இந்த ஸ்டேஷன் இல்லை. ரூபினி உள்ளே வராமல் வெளியே பெஞ்சில் உட்கார்ந்துகொண்டாள், நான் மட்டும் போனேன். உள்ளே எழுதியவர் கன்னடக்காரர். மரியாதையாக இருக்கட்டும் என்று நானும் கன்னடத்தில் சொன்னேன். சங்கிலியைச் சொன்னேன், வளையலைச் சொன்னேன், அதன் பிறகு கம்மலைச் சொன்னேன். கம்மலுக்குக் கன்னடத்தில் ஓலெ என்பார்கள். ஓ என்று நீட்டிச் சொல்ல வேண்டும். நீட்டாமல் ஒலெ என்றால் அது அடுப்பு. நான் அழுகையில் குறுக்கிச் சொன்னேனா, அவர் அவசரத்தில் குறுக்கி எழுதினாரா என்று எனக்குத் தெரியாது. அவர் மேல் குறை சொல்லவில்லை. “ஒலெ எஷ்டம்மா?” என்று கேட்டார், எத்தனை என்று. ஒரு ஜோடி என்று சொன்னேன். அப்படியே எழுதிக்கொண்டார். நான் கையெழுத்துப் போட்டேன். சங்கிலி ஒன்று, வளையல் இரண்டு, அடுப்பு ஒரு ஜோடி. இந்தக் காகிதத்தைப் பார்த்துத்தான் பின்னால் கோர்ட்டிலும் எழுதினார்கள். ஒருவரும் சந்தேகப்படவில்லை. கல்யாணத்துக்கு அடுப்பு கொடுப்பது வழக்கம்தானே.

அதன் பிறகு 2001ஆம் வருடக் கடைசியில் இரண்டு பேரும் சம்மதித்து விவாகரத்து ஆனது. காகிதத்தில் இருக்கும் சாமான்களைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று உத்தரவு. தை மாதம் எங்கள் வக்கீல் அம்மாவின் ஆபீசுக்கு முகேஷும் கெஜலட்சுமியும் வந்தார்கள். சங்கிலியையும் வளையலையும் மேசை மேல் வைத்தார்கள். அதன் பிறகு முகேஷ் கீழே போய், பெட்ஷீட்டில் கட்டிய ஒன்றைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்து இறக்கினான். அவிழ்த்தால் கேஸ் அடுப்பு. பழசு. ஒரு பக்கக் கால் உடைந்து கட்டை வைத்துக் கட்டியிருந்தது.

இது என்ன என்று நான் கேட்டேன். கெஜலட்சுமி, “பேப்பர்ல அடுப்பு ஒரு ஜோடின்னு இருக்குது சம்மந்தி. ரெண்டு பர்னர் இருக்குது, எண்ணிக்கோங்க. அப்பறம் கொறையுதுன்னு சொல்லக் கூடாது” என்று சொன்னார். நான் அடுப்பே கொடுக்கவில்லை, கம்மல்தான் கொடுத்தேன் என்றேன். “கம்மலா? அது எங்க எழுதியிருக்குதுன்னு காட்டுங்க” என்றார். வக்கீல் அம்மா காகிதத்தை மேலும் கீழும் பார்த்துவிட்டு, நெற்றியில் கை வைத்துக்கொண்டார்.

ரூபினிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வாயை மூடிக்கொண்டு சிரித்தாள், அடக்க முடியவில்லை. “இத எந்தக் காதுலம்மா போட்டுக்கறது?” என்று என்னைக் கேட்டாள். முகேஷும் சிரிக்கப் பார்த்தான், அவன் அம்மா பார்த்ததும் நிறுத்திக்கொண்டான். கையெழுத்துப் போடாதே என்று நான் சொன்னேன். “போட்டுட்டுப் போலாம்மா. இவங்க மூஞ்சிய இன்னொரு வாட்டி பாக்கணும்னா எனக்கு அந்தக் கம்மலே வேணாம்” என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டாள். அதன் பிறகு அடுப்பைத் தூக்கிக்கொண்டு வந்தோம். சங்கிலியையும் வளையலையும் மறுபடி போட்டுக்கொண்டாள். காதில் ஈர்க்கே இருந்தது. வேறு கம்மல் வாங்கித் தருகிறேன் என்றேன், பார்க்கலாம் என்றாள். அந்த அடுப்பை நாங்கள் பற்றவைக்கவில்லை. கட்டிலுக்கு அடியில் கிடந்தது.

அந்த வருடம் ஆனி மாதம் அவளுக்கு மஞ்சள் காமாலை கண்டது. நாட்டு மருந்து கொடுத்தேன், அதன் பிறகு பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். ஆஸ்பத்திரி மேல் குறை இல்லை. சங்கிலியும் வளையலும் அந்தச் செலவுக்குப் போயின. ஒரு நாள் மத்தியானம் நான் கஞ்சி கொடுக்கும்போது, “அந்தக் கம்மல வாங்கிடும்மா. அப்பா மோதிரம் அதுலதான இருக்குது. அத அவங்க வெச்சிருக்கக் கூடாது” என்றாள். அன்றைக்கு அப்படிச் சொன்னாயே என்றேன். “அன்னைக்கு வேணாம்னு தோணுச்சு, இன்னைக்கு வேணும்னு தோணுது” என்றாள். சரி என்றேன். ஆடி மாதம் இறந்துபோனாள். வயது இருபத்தாறு.

வீட்டில் குளிப்பாட்டும்போது பக்கத்து வீட்டு பிரிஜெட், காதில் இருக்கும் ஈர்க்கை எடுத்துவிடட்டுமா என்று கேட்டாள். வேண்டாம், ஓட்டை தூர்ந்துவிடும் என்று நான் சொன்னேன். பிரிஜெட் என்னைப் பார்த்தாள். அதன் பிறகு அப்படியே விட்டுவிட்டாள்.

இது ஸ்டேஷனுக்குத் தேவையா என்று ஏட்டு கேட்டார். தேவை, எழுதுங்கள் என்று சொன்னேன்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு வக்கீல் அம்மாவிடம் போனேன். கம்மல் வந்தால் என்ன செய்வீர்கள் என்று அவர் கேட்டார். தெரியாது என்றேன். போட்டுக்கொள்ளும் வயது எனக்கு இல்லை, போட்டுப் பார்க்க ஆளும் இல்லை. வாங்குகிறேன் என்று சொல்லியிருக்கிறேன், அவ்வளவுதான் என்றேன். அவர் யோசித்துவிட்டு, நீங்கள் அடுப்பை வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள், அது தவறுதலாக வந்தது என்றால் முதலில் அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வாருங்கள், அதன் பிறகு மனு போடலாம் என்றார். இப்போது நீங்கள் கேட்கும் காரியம் நடந்தது இதனால்தான். நான் அந்த வீட்டுக்குத் திருடப் போகவில்லை, அடுப்பைக் கொடுக்கப் போனேன்.

சென்ற செவ்வாய்க்கிழமை காலையில் எங்கள் சந்தில் ஆட்டோ ஓட்டும் டெஸ்மண்டைக் கூப்பிட்டேன். அவன்தான் கட்டிலுக்கு அடியிலிருந்து அடுப்பை இழுத்துத் தூசி தட்டினான். எதற்கு என்று கேட்டான், சொன்னேன். “காதுல போடற நகைய ஆட்டோவுல ஏத்திக்கினு போறது இதான் மொத வாட்டி அக்கா” என்றான். ஈஜிபுரா போய்ச் சேரும்போது பதினோரு மணி இருக்கும். டெஸ்மண்ட் அடுப்பைத் தூக்கி வந்து வாசலில் வைத்துவிட்டு ஆட்டோவுக்குப் போய்விட்டான். அவனை நீங்கள் கேட்கலாம்.

கதவைத் தட்டினேன். இருபது வயது மதிக்கத்தக்க ஒரு பெண் திறந்தாள். முகேஷ் மறு கல்யாணம் செய்துகொண்டது எனக்குத் தெரியும், பெண்ணை நான் பார்த்ததில்லை. அத்தை கடைக்குப் போயிருக்கிறார், வந்துவிடுவார், உட்காருங்கள் என்று சொன்னாள். பேர் வைஷ்ணவி, வாணியம்பாடிப் பக்கம் என்றாள். தலையைச் சாய்த்து, வலது காதில் ஈரத் துணியை வைத்துப் பிடித்துக்கொண்டிருந்தாள். அடுப்பைப் பார்த்து, “ரிப்பேர் பண்ணிக் குடுத்து அனுப்பனாங்களா ஆன்ட்டி?” என்று கேட்டாள். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். அது பொய். அதைத் தவிர அன்று நான் வேறு பொய் சொல்லவில்லை.

காதுக்கு என்ன என்று கேட்டேன். துணியை எடுத்தாள். காது நெல்லிக்காய் அளவு வீங்கிச் சீழ் கட்டியிருந்தது. நடுவில் கம்மல். சிவப்புக் கல் ஒன்று, சுற்றி ஆறு. இன்னொரு காதிலும் அதே. நான் உட்கார்ந்துவிட்டேன். அவள் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள், குடித்தேன்.

அதன் பிறகு அவளாகவே சொன்னாள். மாமியார் ஒரு சீமந்தத்துக்குப் போகும்போது, வீட்டுக் கம்மல் என்று சொல்லிப் போட்டுவிட்டாராம். “போடும்போதே இந்தப் பக்கம் பிடிக்கல ஆன்ட்டி. அத்தை அப்பிடியும் இப்பிடியும் திருகி எப்பிடியோ ஏத்திட்டாங்க. இப்ப கழட்ட வரல. சோப்பு போட்டுப் பாத்தாச்சு, அவரு பிளேயர் வெச்சுத் திருகனாரு, இன்னும் உள்ள போகுதே தவிர வெளிய வரல” என்றாள். டாக்டரிடம் போனாயா என்று கேட்டேன். போனால் தங்கத்தை வெட்டிவிடுவார்கள், வீக்கம் வடிந்ததும் தானாக வரும் என்று அத்தை சொன்னாராம். எத்தனை நாளாக என்றேன். “ஒரு பக்கமாவே படுத்துக் கழுத்து புடிச்சிக்கிச்சு” என்றாள். நாள் கணக்கு அவள் சொல்லவில்லை.

நான் கழற்றுகிறேன், அசையாமல் இரு என்றேன். வேண்டாம் ஆன்ட்டி, எல்லாரும் பார்த்துவிட்டார்கள் என்றாள். வெந்நீர் கேட்டேன், கொண்டுவந்தாள். துணியை நனைத்து ஒத்தடம் கொடுத்து ஊறவிட்டேன். அதன் பிறகு திருகை விரலால் பிடித்து, உலகத்தில் மற்றதெல்லாம் எந்தப் பக்கம் இறுகுமோ அந்தப் பக்கம் திருப்பினேன். பிளேயர் பட்டு நெளிந்திருந்ததால் முதலில் மக்கர் செய்தது. அவள் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். அதன் பிறகு கழன்று வந்தது. சீழும் ரத்தமும் கொஞ்சம் வந்தது. அவர்கள் ஸ்டேஷனில் காட்டிய துணியில் இருப்பது அந்த ரத்தம்தான். காது கிழியவில்லை.

“உங்களுக்கு எப்பிடித் தெரிஞ்சுது?” என்று கேட்டாள். இது என் மகளுடையது என்று சொன்னேன். முதல் மனைவி இருந்தது அவளுக்குத் தெரியும், இறந்தது தெரியாது. “அவங்க இப்ப எங்க இருக்காங்க?” என்று கேட்டாள். இல்லை என்று சொன்னேன். எந்த இல்லை என்று அவளுக்கு முதலில் புரியவில்லை. அதன் பிறகு புரிந்துகொண்டாள்.

நான் கேட்கவில்லை. அவளாகவே இடது காதுக் கம்மலைக் கழற்றி, இரண்டையும் என் கையில் வைத்தாள். “எடுத்துக்கினு போங்க. தொலஞ்சு போச்சுன்னு நான் சொல்லிக்கறேன்” என்றாள். அப்படிச் சொன்னால் உன்னைத்தான் உண்டு இல்லை என்று ஆக்குவார்கள், வேண்டாம் என்றேன். அதன் பிறகு நான் அவளிடம் ஒரு வார்த்தை சொன்னேன். அந்த வார்த்தையில்தான் இந்தக் கேஸே வந்திருக்கிறது, அதனால் சொன்னபடியே எழுதச் சொன்னேன். “மர்பி டவுன் சந்திரம்மா வந்து பிச்சிக்கினு போயிட்டாங்கன்னு சொல்லு. என் பேரச் சொல்லு, எனக்கு பயமில்ல” என்று சொன்னேன்.

ஏட்டு எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். நீயே பிய்த்தேன் என்று ஒப்புக்கொள்கிறாயா என்று கேட்டார். இல்லை. எங்கள் மர்பி டவுனில் சட்டையைப் பிச்சிப் போடு, செருப்பைப் பிச்சிவிட்டு வா என்போம். அது கன்னட வார்த்தை, பிஸ்கட்டில் வருகிற பி. கழற்று, அவிழ் என்று அர்த்தம். நாங்கள் பிறந்ததிலிருந்து அப்படித்தான் பேசுகிறோம், அது கன்னடம் என்ற நினைப்பே எங்களுக்கு இருப்பதில்லை. அந்தப் பெண் வாணியம்பாடி. அவள் ஊரில் பிச்சிக்கொண்டு போவது என்றால் பிய்த்துக்கொண்டு போவது. காதில் வலியோடு இருந்தவள், நான் சொல்லிக் கொடுத்ததை அப்படியே மாமியாரிடம் சொல்லியிருக்கிறாள். கெஜலட்சுமி அவளைக் கூட்டிக்கொண்டு வந்து, தனக்கு வேண்டிய அர்த்தத்தில் கன்னடத்தில் எழுத வைத்துவிட்டார். கெஜலட்சுமி இந்த ஊரில் முப்பது வருடமாக இருப்பவர். அவருக்கு இரண்டு அர்த்தமும் தெரியும்.

அதனால் வைஷ்ணவி பொய் சொன்னாள் என்று நான் சொல்லவில்லை. அவள் மேல் எந்தக் கேசும் வேண்டாம். அவளை என் எதிரில் நிறுத்திக் கேட்கவும் வேண்டாம். இங்கே கேட்பதற்கு அவள் அங்கே பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

கன்னடத்தில் சொன்னால் அடுப்பாகிவிடுகிறது என்றுதான் தமிழில் சொல்ல வந்தேன். தமிழில் எழுதினால் கழற்றியதற்கும் பிய்த்ததற்கும் ஒரே எழுத்து என்று ஏட்டு சொல்கிறார். நான் சொன்னது எது என்று காட்ட, அந்த வார்த்தைக்குப் பக்கத்தில் கன்னட எழுத்திலும் ஒரு முறை எழுதி வைத்திருக்கிறார். அது சரியாக இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது, கன்னடம் எனக்குப் படிக்க வராது.

அதன் பிறகு நடந்தது இவ்வளவுதான். கம்மல் இல்லாத காதை அப்படியே விட்டால் இரண்டு நாளில் ஓட்டை தூர்ந்துபோகும், புண் இருக்கும் காது உள்ளே மூடிக்கொண்டு மறுபடி சீழ் கட்டும். நான் வெளியே வந்து, வேப்ப ஈர்க்கு வேண்டும் என்று டெஸ்மண்டிடம் சொன்னேன். தெரு முனையில் மாரியம்மன் கோவில் பக்கத்தில் வேப்பமரம் இருக்கிறது. டெஸ்மண்ட் சர்ச்சுக்குப் போகிறவன். “வேதக்காரன் கையால ஒடிச்சா அம்மன் கோச்சிக்காதா அக்கா?” என்று கேட்டுக்கொண்டே போய் ஒரு கொத்து ஒடித்து வந்தான். இலையை உருவிவிட்டு, ஈர்க்கைக் காது அளவுக்கு ஒடித்து, முனையைத் தரையில் தேய்த்து மழுங்கச் செய்து, மஞ்சள் தடவி வைஷ்ணவிக்கு இரண்டு காதிலும் செருகிவிட்டேன். தினம் புதிதாக மாற்று என்று சொல்லி மீதிக் கொத்தை ஜன்னலில் வைத்தேன். அடுப்பை உள்ளே தள்ளி வைத்தேன், கட்டை வைத்துக் கட்டிய காலைச் சுவர் பக்கமாகத் திருப்பி வைத்தேன், இல்லாவிட்டால் சாய்ந்துவிடும். அதன் பிறகு புறப்பட்டேன். கெஜலட்சுமியை நான் பார்க்கவே இல்லை.

சாயந்திரம் ஹாஸ்டலில் வேலையாக இருக்கும்போது போலீஸ் வந்தது. இடுப்பில் முடிந்து வைத்திருந்த கம்மலை நானே அவிழ்த்துக் கொடுத்தேன். இப்போது அது உங்கள் மேசையில் கவரில் இருக்கிறது. அதன் வலது காதுத் திருகை யாரையாவது போட்டுக் கழற்றச் சொல்லிப் பார்த்தால் என் மகளுடையது என்று தெரியும். அதைக் கோர்ட்டில் சொல்லிக்கொள்கிறேன். அது எனக்கு வேண்டும்.

ஆனால் நான் திருடியா இல்லையா என்பதற்கு இன்ஸ்பெக்டர் கம்மலைப் பார்க்க வேண்டாம். என்ன வார்த்தை சொன்னேன் என்றும் பார்க்க வேண்டாம், வார்த்தை எப்படி வேண்டுமானாலும் போகட்டும். அந்தப் பெண்ணின் காதைப் பாருங்கள். அதில் வேப்ப ஈர்க்கு இருக்கும். பிய்த்துக்கொண்டு ஓடுகிறவள் ஈர்க்குச் செருகிவிட்டு ஓட மாட்டாள்.

நான் சொன்னதை ஏட்டு சிவசங்கரன் எழுதி எனக்கு இரண்டு முறை படித்துக் காட்டினார். யாரும் மிரட்டவில்லை, யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. கம்மல் என்று வருகிற இடங்களில் எல்லாம் விரல் வைத்துக் காட்டச் சொல்லி, எழுத்துக் கூட்டி நானே பார்த்தேன். கம்மல் என்றே இருக்கிறது. சரியாக இருப்பதால் கையெழுத்துப் போடுகிறேன்.

(ஒப்பம்) கோ. சந்திரம்மா
மார்ச் 2003, பெங்களூர்

என் முன் சொல்ல, நான் தமிழில் எழுதியது: சிவசங்கரன், தலைமைக் காவலர்